ஈரம்தான் எதிரி: ஃபிலோ ஷீட்டும் சீஸ் பூரணமும்

சமையல் கேள்வி – பதில்

சீஸ் அடைத்த ஃபிலோ முக்கோணங்களை வீட்டில் செய்வது பற்றி மதுரையிலிருந்தும் சுற்றுவட்டாரத்திலிருந்தும் வந்த கேள்விகளை இந்த இதழில் ஒன்றாகச் சேர்த்து எடுத்துக்கொள்கிறேன்.

கேள்வி: சென்னையில் அண்ணன் மகள் கல்யாண வரவேற்பில் சீஸ் வைத்த முக்கோணம் ஒன்று பரிமாறினார்கள். பார்க்கச் சமோசா. கடித்தால் அடுக்கடுக்காக உதிர்ந்தது. ஃபிலோ என்று பெயர் சொன்னார்கள். உறைந்த பாக்கெட் ஒன்றை ஆன்லைனில் வரவழைத்தேன். மேலே இருந்த ஷீட்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கிடந்தன. உள்ளே இருந்தவை மடிக்கும்போதே நொறுங்கின. எங்கே தவறு?
– வாசகி, திருநகர்

ஒட்டியதற்கும் நொறுங்கியதற்கும் காரணம் ஒன்றுதான். இருக்கவேண்டிய இடத்தில் ஈரம் இல்லை, இருக்கக்கூடாத இடத்தில் இருந்தது. ஃபிலோ வேலை முழுவதும் இந்த ஒரு விஷயத்தைக் கையாள்வதுதான்.

மைதா, தண்ணீர், உப்பு, கொஞ்சம் எண்ணெய். ஃபிலோ ஷீட்டில் இருப்பது இவ்வளவே. பஃப்ஸுக்குப் போடும் மாவில் வெண்ணெயை உள்ளேயே வைத்து மடித்து மடித்துத் தேய்ப்பார்கள். ஃபிலோவில் கொழுப்பு அநேகமாகக் கிடையாது, அதை நாம்தான் ஒவ்வொரு ஷீட்டின் மேலும் தடவவேண்டும். கிரேக்கர்களும் துருக்கியர்களும் தலைமுறை தலைமுறையாகச் செய்துவரும் பண்டம் இது. எழுத்து தெரியும் அளவுக்கு மெலிந்த ஷீட்டில் பிடித்துவைக்க ஈரம் அதிகம் இருக்காது. மின்விசிறிக்குக் கீழே வைத்தால் சில நிமிடங்களில் சருகாகிவிடும். சித்திரை, வைகாசியில் மதுரைக் காற்றைப் பற்றி உங்களுக்குச் சொல்லவேண்டியதில்லை.

அப்படியானால் மேல் ஷீட்கள் ஏன் ஒட்டின? பாக்கெட் உங்கள் வீட்டுக்கு வரும் வழியில் கொஞ்சம் இளகியிருக்கும். நீங்கள் மறுபடி ஃப்ரீஸரில் வைத்திருப்பீர்கள். இளகும்போது கசியும் நீர் ஷீட்டுகளுக்கு நடுவே பசையாகிவிடும். அல்லது சில்லென்றிருந்த பாக்கெட்டை உடனே பிரித்திருப்பீர்கள். வெளிக்காற்றின் ஈரம் குளிர்ந்த ஷீட்டின் மேல் வியர்வையாகப் படிந்திருக்கும்.

அடுத்த முறை இப்படிச் செய்து பாருங்கள். முந்தைய நாள் இரவே பாக்கெட்டை ஃப்ரீஸரிலிருந்து எடுத்து, பிரிக்காமல், ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் வையுங்கள். மறுநாள் வேலை தொடங்குவதற்கு ஒரு மணி நேரம் முன்பு வெளியே எடுங்கள். அப்போதும் பிரிக்கவேண்டாம். அறையின் சூட்டுக்கு வந்தபிறகே உறையைக் கிழிக்கவேண்டும். அதற்குள் பூரணம் ஆறித் தயாராக இருக்கட்டும், நெய் உருகி இருக்கட்டும், பிரஷ் பக்கத்தில் இருக்கட்டும், ஃபேன் நின்றிருக்கட்டும். ஷீட்டைப் பிரித்துவைத்துக்கொண்டு கொத்தமல்லி நறுக்க உட்காருவதால் கெட்டுப்போன ஃபிலோதான் அதிகம் என்பது என் எண்ணம்.

பிரித்த ஷீட் அடுக்கின் மேல் முதலில் ஒரு பிளாஸ்டிக் தாளைப் போடுங்கள். ஈரத்துணியை நன்றாகப் பிழிந்து அதன் மேல் விரியுங்கள். துணி நேராக ஷீட்டில் படக்கூடாது. ஒரு நேரத்தில் ஒரே ஒரு ஷீட்டை எடுத்துவிட்டு உடனே மூடுங்கள்.

எடுத்த ஷீட்டில் லேசாக நெய் தடவி, அதன் மேல் இன்னொரு ஷீட்டை வைத்து, மறுபடி நெய் தடவி, மூன்று அங்குல அகலப் பட்டைகளாக நீளவாக்கில் வெட்டுங்கள். பட்டையின் ஒரு முனையில் ஒரு சிறு ஸ்பூன் நிறைய, சுமார் 12 கிராம், பூரணம் வையுங்கள். மூலையைத் தூக்கி எதிர் ஓரத்தில் சேர்த்தால் முக்கோணம் வரும். அதை நேராக ஒரு மடிப்பு, குறுக்காக ஒரு மடிப்பு என்று கடைசிவரை உருட்டிக்கொண்டே போங்கள். சமோசா மடித்துப் பழகிய கைக்கு இது புதிதல்ல. இறுக்கி மடிக்கவேண்டாம். வேகும்போது பூரணம் உப்பும், இடமில்லாவிட்டால் ஷீட்டைக் கிழித்துக்கொண்டு வெளியே வரும். நடுவில் ஏதாவது ஒரு ஷீட் கிழிந்திருந்தால் வருத்தப்படாமல் உள் அடுக்கில் வைத்துவிடுங்கள். வெளியே வருவது முழு ஷீட்டாக இருந்தால் போதும்.

ஓடிஜி அடுப்பை 190 டிகிரியில் கால் மணி நேரம் சூடுபடுத்திக்கொண்டு, மேலும் கீழும் இரண்டு கம்பிகளும் எரிய, 15 முதல் 18 நிமிடம் வையுங்கள். வெளிர்மஞ்சள் நிறத்தில் எடுத்துவிடாதீர்கள். நல்ல பொன்னிறம் வந்தால்தான் உள் அடுக்கின் ஈரம் போயிருக்கிறது என்று அர்த்தம்.

கேள்வி: ஷீட்டுக்கு இடையில் வெண்ணெய் தடவுவதா, நெய்யா?
– வாசகர், சோழவந்தான்

நெய். இதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

கடையில் வாங்கும் வெண்ணெயில் கொழுப்பு குறைந்தது 80 சதவீதம் இருக்கவேண்டும், தண்ணீர் 16 சதவீதம் வரை இருக்கலாம் என்பது நம் நாட்டு உணவுத் தரவிதி. அந்தத் தண்ணீர்தான் ஷீட்டைச் சொதசொதவென்று ஆக்குகிறது. பாலின் திடப்பொருள் அடுப்பில் கருகிப் புள்ளி புள்ளியாக நிற்கும். கிரேக்க வீடுகளில்கூட வெண்ணெயை உருக்கித் தெளியவைத்து மேலே நிற்பதைத்தான் தடவுகிறார்கள். நாம் அதை இன்னும் கொஞ்சம் காய்ச்சி, முருங்கைக்கீரை போட்டு இறக்கி, நெய் என்கிறோம். அவர்கள் மெனக்கெட்டுச் செய்வது நம் அடுக்களையில் எப்போதும் இருக்கிறது.

நெய் மணம் சீஸின் ருசியை அமுக்கிவிடும் என்று தோன்றினால் பாதி நெய், பாதி சூரியகாந்தி எண்ணெய் சேர்த்துக்கொள்ளுங்கள். நல்லெண்ணெய் வேண்டாம், அதன் வாசம் முன்னால் வந்து நிற்கும். ஷீட் மின்னினால் போதும், நனையக்கூடாது.

கேள்வி: அக்கா, எங்கள் ஊரில் ஃபிலோ பாக்கெட்டும் கிடைக்காது, வீட்டில் ஓவனும் இல்லை. மைதாவும் கடாயும்தான் இருக்கிறது. முடியுமா?
– வாசகி, உசிலம்பட்டி

முடியும். இந்த வேலைக்கு மதுரைப் பக்கத்தைவிடப் பொருத்தமான இடம் குறைவு என்றே சொல்வேன்.

உங்கள் ஊர் பஸ் ஸ்டாண்டு ஓரத்தில் மாலையில் வீச்சுப் பரோட்டா போடுகிற மாஸ்டரைக் கொஞ்ச நேரம் நின்று பாருங்கள். பிசைந்த மாவை அவர் உடனே வீசுவதில்லை. உருண்டை பிடித்து, எண்ணெயில் ஊறப்போட்டு, நேரம் கொடுக்கிறார். பிறகு தட்டிப் பரப்பி, ஓரத்தைப் பிடித்து வீச வீச, கீழே இருக்கும் கல்மேடை மாவின் வழியே தெரிகிறது. பிசைந்தவுடன் மைதாவிலுள்ள குளூட்டன் விறைப்பாக இருக்கும், இழுத்தால் திரும்பச் சுருங்கும். ஊறினால்தான் தளர்ந்து நீளும். ஆஸ்திரியாவில் ஆப்பிள் வைத்துச் சுருட்டும் ஸ்ட்ரூடல் மாவையும் இப்படித்தான் ஊறவைத்து, மேசை முழுக்கத் துணி விரித்து, புறங்கையால் இழுத்து மெலியச் செய்கிறார்கள். உலகம் வியந்து பேசும் அந்தக் கைத்திறன் நம் தெருமுனையில் ஒவ்வொரு மாலையும் நடக்கிறது. அந்த மாஸ்டர்களுக்கு நாம் கொடுக்கும் மதிப்பு போதாது என்று எனக்கு எப்போதும் தோன்றும்.

ஆனால் பரோட்டா மாவையே எடுத்து சீஸ் மடித்தால் ஃபிலோவின் உதிர்வு வராது. அது எண்ணெயில் ஊறிய, மெத்தென்று இருக்கவேண்டிய மாவு. அந்த மாவில் செய்யும் முட்டை லாப்பாவில் அந்த மென்மைதான் ருசி. நமக்கு வேண்டியது காய்ந்த மெல்லிய தகடு. அதற்கும் நம்மிடம் வழி இருக்கிறது: வெங்காய சமோசாவுக்குப் போடும் ஷீட். நோன்புக் காலத்தில் மதுரைக் காஜிமார் தெரு போன்ற இடங்களில் மாலை வேளைகளில் குவியும் மெல்லிய சமோசாக்களை நினைத்துக்கொள்ளுங்கள். அந்த ஷீட்டைச் செய்யும் முறை அலாதியான புத்திசாலித்தனம் கொண்டது. தனித்தனியாக அவ்வளவு மெல்லிசாகத் தேய்க்கமுடியாது என்பதால் சேர்த்துத் தேய்த்துப் பிறகு பிரிக்கிறார்கள்.

இரண்டு கப் மைதா (சுமார் 250 கிராம்), அரை டீஸ்பூன் உப்பு, ஒரு டேபிள்ஸ்பூன் எண்ணெய். வெதுவெதுப்பான தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிச் சப்பாத்தி மாவைவிடச் சற்று இறுக்கமாகப் பிசையுங்கள். அரை கப்புக்குச் சற்று மேல் தண்ணீர் பிடிக்கும். ஈரத்துணி போட்டு ஒரு மணி நேரம் விட்டுவிடுங்கள். அவசரப்பட்டு அந்த ஒரு மணி நேரத்தைக் குறைக்கவேண்டாம்.

எலுமிச்சை அளவு உருண்டைகள் பிடித்து, நான்கு அங்குலப் பூரிகளாகத் தேயுங்கள். ஒரு பூரியின் மேல் எண்ணெயை ஓரம்வரை தடவி, அதன் மேல் மைதாவோ அரிசிமாவோ தூவுங்கள். அடுத்த பூரியை வையுங்கள். மறுபடி எண்ணெய், மறுபடி மாவு. நான்கு பூரி அடுக்கியதும் நிறுத்துங்கள், கடைசிப் பூரியின் மேல் ஒன்றும் தடவவேண்டாம். இந்த அடுக்கை மொத்தமாக ஒன்பது, பத்து அங்குலத்துக்குத் தேயுங்கள். நடுவில் அழுத்தாமல் ஓரத்தைப் பார்த்துத் தேய்த்தால் எல்லாம் ஒரே சீராக விரியும்.

தோசைக்கல் மிதமான சூட்டில் இருக்கவேண்டும். அடுக்கைப் போட்டு ஒரு பக்கம் 20 விநாடி, திருப்பி 20 விநாடி. நிறம் மாறினால் போதும். ஒரு பழுப்புப் புள்ளிகூட வரக்கூடாது. வந்தால் அந்த இடம் மடியாது, உடையும். இறக்கியதும் கை பொறுக்கும் சூட்டிலேயே நான்கையும் பிரியுங்கள். ஆறினால் ஒட்டிக்கொள்ளும். ஓரங்களை வெட்டிச் சதுரமாக்கி, மூன்று அங்குலப் பட்டைகளாக்கி, துணியில் சுற்றிவையுங்கள். வெட்டிய ஓரத்துண்டுகளை எறியாதீர்கள். எண்ணெயில் பொரித்து மிளகாய்த்தூள் தூவினால் பிள்ளைகள் காலி செய்துவிடுவார்கள்.

இனி ஓவன் இல்லாத பிரச்சினை. துருக்கியில் சிகாரா பொரெக் என்று ஒரு பலகாரம் உண்டு. வெள்ளைச் சீஸையும் பார்ஸ்லிக் கீரையையும் மெல்லிய யுஃப்கா தகட்டில் வைத்து, சுருட்டு வடிவில் உருட்டி, எண்ணெயில் பொரிப்பார்கள். அதுவும் ஃபிலோ குடும்பம்தான், அதற்கு ஓவன் தேவையே இல்லை. உங்கள் சமோசா ஷீட்டில் அதையே செய்யுங்கள். பார்ஸ்லிக்குப் பதில் கொத்தமல்லி. பட்டையின் முனையில் பூரணத்தை விரல் நீளத்துக்கு வைத்து, இரண்டு ஓரங்களையும் உள்ளே மடித்து, சுருட்டி, முடிவில் மைதாப் பசை தடவி ஒட்டுங்கள்.

எண்ணெய் புகையும் அளவு காய்ந்திருக்கக்கூடாது. ஒரு ஷீட் துண்டைப் போட்டால் மெதுவாகக் குமிழ் விட்டு மேலே வரவேண்டும். பொரிக்குமுன் சுருள்களை 20 நிமிடம் ஃப்ரீஸரில் வைத்தால், வெளியே மொறுமொறுப்பாவதற்குள் சீஸ் உருகி ஓடாது. ஃபிலோவின் நூறு அடுக்கு உதிர்வு இதில் வராது என்பது உண்மை. ஆனால் சூடாகச் சாப்பிடும்போது அதைத் தேடத் தோன்றாது.

கேள்வி: எந்தச் சமையல் குறிப்பைப் பார்த்தாலும் ஃபெட்டா சீஸ் என்று போட்டிருக்கிறது. விலை கட்டுப்படியாகவில்லை. பன்னீரை வைத்தால் சப்பென்று இருக்கிறது, தண்ணீரும் விடுகிறது. என்ன செய்வது?
– வாசகி, கே.கே.நகர், மதுரை

ஃபெட்டா என்பது கிரேக்கச் சீஸ். செம்மறியாட்டுப் பாலில் செய்வது, வெள்ளாட்டுப் பால் 30 சதவீதம்வரை சேரலாம். உப்புநீரில் குறைந்தது இரண்டு மாதம் ஊறினால்தான் அது ஃபெட்டா. 2002இல் ஐரோப்பிய ஒன்றியம் அந்தப் பெயரைக் கிரேக்கத்துக்கே உரியதாகப் பதிவு செய்தது. நம் நாட்டுக் கடைகளில் அந்தப் பெயரில் கிடைப்பவை பெரும்பாலும் பசும்பாலில் செய்தவை. அவை மோசம் என்று சொல்லவில்லை. ஆனால் அதற்காக அவ்வளவு செலவழிக்கவேண்டுமா என்று யோசியுங்கள்.

ஃபெட்டாவிடமிருந்து நமக்குத் தேவை மூன்று குணங்கள்: உப்பு, புளிப்பு, உதிரும் தன்மை. மூன்றாவது பன்னீரில் ஏற்கெனவே இருக்கிறது. மற்ற இரண்டையும் நாம் ஏற்றலாம்.

ஒரு லிட்டர் தண்ணீரைக் கொதிக்கவைத்து ஆறவிட்டு 60 கிராம் கல்லுப்பைக் கரையுங்கள். வீட்டு மோரைத் தெளியவைத்து, மேலே நிற்கும் புளித்த தெளிநீரில் ஒரு கரண்டி சேருங்கள். பன்னீரைத் தடித்த துண்டுகளாக வெட்டி அதில் மூழ்கவிட்டு ஃப்ரிட்ஜில் ஒரு நாள் வையுங்கள். உப்பு உள்ளே இறங்கும், பன்னீரிலிருந்து நீரும் கொஞ்சம் வெளியேறும். எடுத்துத் துணியில் சுற்றி, மேலே அம்மிக்குழவியோ கனமான பாத்திரமோ வைத்து ஒரு மணி நேரம் அழுத்துங்கள். இந்த அழுத்தும் வேலையைத்தான் பெரும்பாலோர் விட்டுவிடுகிறார்கள். பன்னீரில் 60 சதவீதம்வரை ஈரம் இருக்கலாம் என்று தரவிதியே அனுமதிக்கிறது. பாதிக்கு மேல் தண்ணீராக இருக்கும் பொருளை உதிரும் தகட்டுக்குள் வைத்தால் நீங்கள் சொன்னதுதான் நடக்கும்.

200 கிராம் இந்த உப்புப் பன்னீரை உதிர்த்து, துருவிய சாதாரண பிராசஸ்ட் சீஸ் 50 கிராம், துணியில் கட்டித் தொங்கவிட்ட கெட்டித் தயிர் இரண்டு டேபிள்ஸ்பூன், ஒன்றிரண்டாகப் பொடித்த மிளகு, நறுக்கிய பச்சைமிளகாய், கொத்தமல்லி, கொஞ்சம் புதினா சேருங்கள். சீஸ் பிடிப்புக்கு, தயிர் புளிப்புக்கு. உப்பு மேற்கொண்டு வேண்டாம். இருபது, இருபத்திரண்டு முக்கோணங்களுக்கு இது வரும்.

பூண்டு பிடிக்கும் என்றால் கொடைக்கானல் மலைப்பூண்டு நாலு பல்லை நெய்யில் நிதானமாக வதக்கி நசுக்கிச் சேருங்கள். 2019இல் புவிசார் குறியீடு பெற்ற அந்தப் பூண்டின் காரமும் மணமும் சீஸோடு நன்றாகப் பொருந்தும். கீரை சேர்ப்பதானால் பாலக்கோ அரைக்கீரையோ நல்லது. நறுக்கி உப்புப் போட்டுப் பத்து நிமிடம் விட்டு, கையால் ஒட்டப் பிழிந்து, மூடாமல் வதக்குங்கள். வாணலியில் சத்தம் அடங்கும்போது ஈரம் போயிருக்கும். பச்சை வெங்காயத்தை மட்டும் தயவுசெய்து சேர்க்காதீர்கள். உப்புப் பட்டதும் நீர் விடும்.

வேறு சீஸ் தேடுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. நமக்குப் பக்கத்து மலையான கொடைக்கானலிலேயே சீஸ் தயாராகிறது. புதுச்சேரியை ஒட்டிய ஆரோவில்லில் லா ஃபெர்ம் பண்ணை மொசரெல்லா, ஃபெட்டா முதலியவற்றைச் செய்கிறது. எப்போதாவது அந்தப் பக்கம் போகிறவர்கள் ஐஸ் பெட்டியோடு போங்கள். மொசரெல்லாவை மட்டும் தனியே பூரணமாக வைக்கவேண்டாம், உருகி நீளும், ஆறினால் ரப்பராகும்.

கிராமத்தில் வெள்ளாட்டுப் பால் கிடைக்கிறவர்கள் அதில் பன்னீர் செய்து பாருங்கள் என்றும் சொல்வேன். நம் பக்கம் ஆட்டை வளர்ப்பது பெரும்பாலும் கறிக்குத்தான், பாலை யாரும் பெரிதாக நினைப்பதில்லை. ஆட்டுப்பாலின் திரட்டு மிருதுவாக, கொஞ்சம் தளர்வாக வரும். வடிகட்ட நேரம் அதிகம் கொடுங்கள். ருசியில் இது ஃபெட்டாவுக்கு எல்லாவற்றையும்விடக் கிட்டே போகும். பாலை நன்றாகக் கொதிக்கவிட்ட பிறகே திரிக்கவேண்டும், காய்ச்சாத பாலில் செய்யவே கூடாது.

கேள்வி: ஏர் ஃப்ரையரில் வைக்கலாமா?
– வாசகர், விளாங்குடி

தாராளமாக. ஃபிலோவுக்கு 170 டிகிரியில் எட்டிலிருந்து பத்து நிமிடம், நடுவில் ஒரு முறை திருப்பவேண்டும். உள்ளே காற்று வேகமாகச் சுற்றுவதால் மேல் ஷீட் பறந்து கழன்றுவிடும். முனையை அடியில் வைத்து, மேலே கொஞ்சம் நெய் தடவினால் படிந்து நிற்கும். சமோசா ஷீட் ஏர் ஃப்ரையரில் அப்பளம் மாதிரி விறைத்துவிடுகிறது. அதற்கு எண்ணெய்தான் சரி.

கேள்வி: மகளின் பிறந்தநாளுக்கு முப்பது பேர் வருகிறார்கள். ஐப்பசி மாதம், மழை இருக்கும். அன்றைக்கே எல்லாவற்றையும் மடித்துக்கொண்டிருக்க முடியாது. முன்கூட்டியே செய்துவைத்தால் மெத்தென்று ஆகிவிடுமே?
– வாசகி, மேலூர்

வேகவைத்தபிறகு எடுத்துவைத்தால் நிச்சயம் ஆகிவிடும், அதுவும் மழை நாளில். வேகவைக்காமல் எடுத்துவைத்தால் ஆகாது. ஃப்ரீஸர் இருக்கிற வீட்டில் இது மிகவும் வசதியான பலகாரம்.

ஆளுக்கு மூன்று என்று தொண்ணூறு கணக்கு வையுங்கள். பூரணம் ஒரு கிலோவுக்குச் சற்று மேல் வேண்டும். அதில் பன்னீர் 800 கிராம். வீட்டிலேயே திரிப்பதானால் கொழுப்பு எடுக்காத பால் நான்கு, நாலரை லிட்டர் ஆகும். ஒரு லிட்டருக்கு 180 முதல் 200 கிராம்தான் கிடைக்கும். கடையில் வாங்கினால் ஆவின் பன்னீரோ, பால் கொழுப்பில் செய்தது என்று உறையில் தெளிவாக எழுதியிருக்கும் வேறு எதுவோ வாங்குங்கள். விலை மலிவாக உதிரியாக விற்கும் பன்னீரில் தாவர எண்ணெய் கலந்தது நிறைய வருகிறது. அது அடுப்பில் எண்ணெயாகக் கசிந்து ஷீட்டை நனைத்துவிடும்.

ஒரு வாரம் முன்பே ஒரு மதியம் உட்கார்ந்து மடித்துவிடுங்கள். இரண்டு பேர் இருந்தால், ஒருவர் நெய் தடவ ஒருவர் மடிக்க, வேலை ஓடும். பூரணம் முழுக்க ஆறியிருக்கவேண்டும். சூடான பூரணம் ஷீட்டுக்குள் ஆவி விடும், பிறகு எந்த அடுப்பும் அதைக் காப்பாற்றாது. மடித்த முக்கோணங்களின் மேல்பக்கம் நெய் தடவி, ஒன்றையொன்று தொடாமல் தட்டில் அடுக்கி, இரண்டு மணி நேரம் ஃப்ரீஸரில் வையுங்கள். கல்லாக உறைந்ததும் காற்று புகாத டப்பாவுக்கு மாற்றலாம். அடுக்குகளுக்கு நடுவே பட்டர் பேப்பர் போடுங்கள். ஒரு மாதம்வரை இப்படி இருக்கும்.

அன்றைக்கு ஃப்ரீஸரிலிருந்து எடுத்ததும் நேராக அடுப்பு. இளகவிடக்கூடாது. இளகினால் மறுபடி அதே ஈரம். வேகும் நேரம் மட்டும் ஐந்து நிமிடம் கூடும். தொண்ணூறையும் ஒரே சமயம் வேகவைக்க வீட்டு ஓடிஜியில் இடம் இருக்காது. இருபது, இருபதாக, விருந்தினர் வரவர வையுங்கள். வெந்தவற்றைக் கம்பி வலைத்தட்டில் எடுத்துவையுங்கள். எவர்சில்வர் தட்டில் நேராகக் கொட்டினால் அடிப்பக்கம் வியர்த்துவிடும். ஹாட்பாக்ஸில் போட்டு மூடவே வேண்டாம்.

தொட்டுக்கொள்ளத் தக்காளி சாஸ் வைப்பதைவிட, புதினாவும் பச்சைமிளகாயும் அரைத்துக் கெட்டித் தயிரில் கலந்து வையுங்கள். பிள்ளைகள் கூட்டம் என்பதால் மிளகாயைக் குறைத்து, பூரணத்திலும் மிளகோடு நிறுத்திக்கொள்ளலாம். பெரியவர்களுக்கான முக்கோணங்களின் மேல் கொஞ்சம் கருஞ்சீரகமும் பிள்ளைகளுக்கானவற்றின் மேல் வெள்ளை எள்ளும், மேல் நெய் தடவியதும் உறையவைக்கும் முன்பே தூவிவிட்டால், பரிமாறும்போது எது எது என்று குழப்பம் வராது.